வா என்றால் போ

அந்த நடிகையின் பெயரை எழுத எனக்கு மனமில்லை. பிரெஞ்சுப் படம் பார்க்கிறவர்களுக்குச் சொன்னால் உடனே தெரிந்துவிடும். தெரிந்ததும் அவளுடைய முகம் வந்து குறுக்கே நிற்கும், பிறகு நான் சொல்வது எதுவும் காதில் ஏறாது. எங்கள் வீட்டிலும் அவளுக்குப் பெயர் இருந்ததில்லை. கீழ்த்தளத்தில் இருந்த வீட்டுக்கார மதாமுக்கு அவள் ‘என் சின்னவள்’. எனக்கு ‘அந்தப் பிரெஞ்சுக்காரி’. அம்மாவுக்கு வெறும் ‘இவள்’.

அப்போது நாங்கள் மொன்றியலில், வில்லரேயில், வெளியே வளைந்து ஏறும் இரும்புப் படி வைத்த ஒரு வீட்டின் மேல்தளத்தில் வாடகைக்கு இருந்தோம். நானும் என் கணவரும் அம்மாவும். இவர் உணவகத்தில் கோப்பை கழுவப் போவார். நான் வீட்டிலிருந்து தைத்தேன். வெட்டிய துணிக்கட்டுகளை வான் வண்டியில் கொண்டுவந்து படியடியில் போட்டுவிட்டுப் போவார்கள், நான் கொலர் வைத்துக் கொடுப்பேன். பிரெஞ்சு வகுப்புக்குப் போக நேரம் வாய்க்கவில்லை. தையல் மெஷினுக்கு எதிரே தொலைக்காட்சியை வைத்து, மத்தியானத் தொடர்களைப் பார்த்துத்தான் அந்தப் பாஷையைப் பிடித்தேன். அந்தத் தொடர்களில் முக்கால்வாசி பொலிஸ் கதை. மூலையில் இருந்த டெப்பனர் கடைக்குப் பால் வாங்கப் போய், கடைக்காரரைக் கொலைக் கேஸில் பிடிபட்டவரைப்போல நான் விசாரித்திருக்கிறேன். மனுசன் நல்லவர், பாலை எடுத்துத் தந்து அனுப்பினார்.

அப்படித்தான் அந்தப் பிரெஞ்சுக்காரி எங்கள் வீட்டுக்குள் வந்தாள். ஐம்பதைத் தொடுகிற வயது, இன்ஸ்பெக்டர் வேஷம், மழைக்கோட்டு, சிரிக்காத முகம். ஒரு நாள் பின்னேரம் மூன்று மணி போல, தனக்குக் கீழே வேலைசெய்கிற பொடியனிடம் ஏதோ சொல்லிவிட்டுக் கடைசியில் “வா, வா” என்றாள். குசினிக்குள் நின்ற அம்மா “வாறன்” என்று பதில் சொன்னார். சொன்னதோடு நிற்கவில்லை, கையில் புளிக்கரைசல் சொட்டச் சொட்ட வந்து நின்றார்.

“என்ன பிள்ளை, கூப்பிட்டனி?”

“நான் கூப்பிடேல்லை.”

“ஆரோ வா எண்டு கூப்பிட்டது.”

“அது ரீவி அம்மா” என்று நான் சிரித்தேன். அம்மா சிரிக்கவில்லை. தொலைக்காட்சியைப் பார்த்தபடியே நின்றார். புளி நிலத்தில் சொட்டியது. அன்று எனக்குத் துணிக்கட்டு முடிக்க வேண்டிய அவசரம். அந்தப் பாஷையில் ‘வா’ என்றால் ‘போ’ என்று அப்போதே சொல்லியிருக்கலாம். சொல்வதற்கு அதில் என்ன இருக்கிறது என்று விட்டுவிட்டேன்.

இதை விளங்கிக்கொள்ள வேண்டுமானால் என் தங்கச்சியைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

அம்மாவை நான் ஸ்பொன்சர் செய்து கூப்பிட்டபோது தங்கச்சி யாழ்ப்பாணத்தில் நின்றுகொண்டாள். சோதனை எழுதப் போகிறாளாம், எழுதிப்போட்டு வருவாளாம். அவள் கடைக்குட்டி. நான் அம்மாவை ‘வாங்கோ, போங்கோ’ என்று மரியாதையாகக் கதைக்க வேண்டும், அவள் மட்டும் ‘வாம்மா, போம்மா’ என்பாள், ஒருவரும் வாயில் அடிக்கமாட்டார்கள். அம்மா கொழும்புக்கு பஸ் ஏறிய அன்று, பஸ் நகரத் தொடங்கிய அவதியில், யன்னலுக்குள்ளால் கையை விட்டு அம்மாவின் தோளைத் தள்ளி, “போம்மா, போ” என்று சொன்னாளாம். அவ்வளவுதான். பஸ் எடுத்துவிட்டது.

எங்கள் ஊரில் புறப்படுகிறவரைப் பார்த்து ‘போ’ என்று மொட்டையாகச் சொல்வதில்லை. போகிறவர் ‘போறன்’ என்று சொல்லமாட்டார், ‘வாறன்’ என்றுதான் சொல்வார். வழியனுப்புகிறவர் ‘போட்டு வாங்கோ’ என்பார். ‘போ’வும் ‘வா’வும் சேர்ந்தால்தான் அது ஒரு சொல். தங்கச்சி பாதிச் சொல்லைச் சொல்லி அனுப்பிவிட்டாள். அம்மா மொன்றியலுக்கு வந்த நாளிலிருந்து அதைச் சொல்லிச் சொல்லி மாய்ந்துபோவார். “வெறும் போ எண்டு சொல்லிப்போட்டாள் பிள்ளை. வா எண்டு சொல்ல நேரம் கிடைக்கேல்லை அவளுக்கு.” எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஒரு சொல்லில் என்ன கிடக்கிறது என்று கத்துவேன்.

பிறகு ஆமி வருகிறது என்று ஊரே ஒரே இரவில் எழும்பி நடந்தது. கடல்நீரேரிக்கு அந்தப் பக்கம் ஒரு கோயில் மடத்தில் தங்கச்சியைக் கண்டதாக ஒருவர் சொன்னார். அதற்குப் பிறகு அவளைக் கண்டவர் ஒருவரும் இல்லை. ஊர்க்காரர் மெல்ல மெல்ல அவளைப் பற்றி இறந்தகாலத்தில் கதைக்கத் தொடங்கினார்கள். அம்மா சாப்பிடுவதை நிறுத்தினார். தேத்தண்ணியும் ஒரு விசுக்கோத்துமாக ஒரு குளிர்காலம் முழுவதையும் ஓட்டினார்.

அந்த நிலையில்தான் தொலைக்காட்சியில் ‘வா’ கேட்டது. அடுத்த நாள் மூன்று மணிக்கு அம்மா கோப்பையில் சோற்றைப் போட்டுக்கொண்டு வந்து என் பக்கத்தில் இருந்தார். அந்தப் பிரெஞ்சுக்காரி கதைக்கக் கதைக்க, சோறு இறங்கியது. நான் எப்படி வாய் திறப்பேன், சொல்லுங்கள்.

முதலில் அம்மா அவளைத் தங்கச்சி என்று சொல்லவில்லை. “இவளின்ரை நடையைப் பார்” என்றார், அவ்வளவுதான். வெள்ளைக்காரி, நீலக்கண், எங்கள் தங்கச்சிக்குத் தாய் வயது. என்ன நடை என்று அலட்சியமாகத்தான் பார்த்தேன். இடது தோளைச் சற்றுப் பதித்து, வலது காலை முன்னுக்கு எறிந்து நடந்தாள். தங்கச்சி சின்னதில் சைக்கிளால் விழுந்து தோள்மூட்டு விலகியவள். அவளும் அப்படித்தான் நடப்பாள். மெஷினை நிறுத்திவிட்டேன். தோள் பதிந்தவர்கள் உலகத்தில் ஆயிரம் பேர் இருப்பார்கள் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு திரும்பவும் தைத்தேன். அன்று தைத்த கொலர்கள் அத்தனையும் கோணல்.

கீழ்வீட்டு மதாம் ஒரு விதவை. நடிகைகளின் படம் போட்ட சஞ்சிகைகளை அடுக்கி வைத்திருப்பார். இவளைப் பற்றிக் கேட்டதும் மதாமுக்குக் கொண்டாட்டம். அவருடைய பிரெஞ்சில் பாதிதான் எனக்கு விளங்கும், விளங்கியதைத் தமிழில் சொல்கிறேன்.

“இருபது வயதில் பாரிசில் வேலைக்காரியாக, தையற்காரியாக, வாசலில் நிற்கிறவளாக நடித்தாள். பிறகு பெரிய படங்கள். ஆற்றில் விழுந்து செத்தாள், கன்னியாஸ்திரியாகக் காசநோயில் செத்தாள், புருஷன் கழுத்தை நெரிக்கச் செத்தாள். அவளைப்போல அழகாகச் சாக ஒருத்தியும் இல்லை. நாற்பது தாண்டியதும் சினிமாக்காரன் கதவைச் சாத்திவிட்டான். அப்போதுதான் தொலைக்காட்சிக்காரன் கையில் துப்பாக்கியைக் கொடுத்து இன்ஸ்பெக்டர் ஆக்கினான். கிழவியாகும் நடிகைகளுக்கு அங்கே பொலிஸ் வேலைதான் மகளே.”

அம்மாவுக்கு நான் இதை மொழிபெயர்த்தேன். அம்மா சாவைப் பற்றிய பகுதியை மட்டும் திரும்பக் கேட்டார். “எத்தினை தரம் செத்தவளாம்?”

இன்ஸ்பெக்டர் தொடர் முடிந்ததும் அதே நேரத்தில் அவளுடைய படங்களைப் போடத் தொடங்கினார்கள். புதிய படம் முதலில், பிறகு அதற்கு முந்தியது, பிறகு அதற்கும் முந்தியது. தொலைக்காட்சிக்காரருக்கு அது ஒரு வசதி, வேறொன்றும் இல்லை. எங்கள் வீட்டில் அது வேறு விதமாக நடந்தது. கிழமைக்குக் கிழமை அவளுக்கு வயது குறைந்தது. கண்ணுக்குக் கீழே இருந்த பை போனது, கன்னம் நிறைந்தது, குரல் மெலிந்தது. ஒரு கிழமை ஆற்றில் மிதந்தாள், அடுத்த கிழமை அதே பெண் இன்னும் இளமையாக யன்னல் திறந்தாள்.

“பாத்தியே” என்றார் அம்மா. “செத்தவள் எண்டு எல்லாரும் சொல்லுவினம். அவள் பாட்டுக்கு வந்து நிக்கிறாள்.”

“அது படம் அம்மா. முதல் எடுத்ததைப் பிறகு போடுறாங்கள்.”

“நீ எதையும் சொல்லு. வயசு குறைஞ்சு குறைஞ்சு கிட்ட வாறாள்.”

எதற்குக் கிட்ட என்று நான் கேட்கவில்லை. பஸ்ஸடியில் நின்றபோது தங்கச்சிக்கு என்ன வயதோ அதற்கு.

ஒவ்வொரு படத்திலும் எங்கோ ஓரிடத்தில் அவள் ‘வா’ சொன்னாள். நாய்க்கு, காதலனுக்கு, பிள்ளைக்கு. மிகச் சின்ன, மிகச் சாதாரணமான சொல், அந்தப் பாஷையில் அது இல்லாமல் ஒரு படம் எடுக்க முடியாது. அம்மா ஒவ்வொரு முறையும் “வாறன்” என்றார். குளியலறைக்குள் நின்றாலும் சொன்னார். அரைத்தூக்கத்திலும் சொன்னார். இவர் அதைக் கேட்டுவிட்டு, “மாமிக்கு ஆரோடை கதை?” என்பார். நான் கடுகடுத்துவிட்டு எழும்பிப் போவேன்.

பிறகு ஐஸ் மழை பெய்த அந்தக் குளிர்காலம் வந்தது. மரக்கொப்புகள் கண்ணாடி பூசியதுபோல் உறைந்து, முறிந்து விழுந்தன. மின்கம்பிகள் அறுந்து, வெளிச்சமும் இல்லை, ஹீட்டரும் இல்லை. நாங்கள் வீட்டுக்குள்ளே ஜாக்கெட்டும் தொப்பியுமாக இருந்தோம். தெருவில் ஒரு வாகனம் இல்லை. பகல் மூன்று மணிக்கே வீடு மங்கிவிட்டது. நான் கம்பளிக்குள் சுருண்டு கிடந்தேன். அம்மா எழும்பி, “வாறன்” என்று சொல்லிக்கொண்டு தொலைக்காட்சிக்கு முன்னால் போய் நின்றார்.

கரண்ட் இல்லை. கறுத்த கண்ணாடியில் அம்மாவின் உருவம் மங்கலாகத் தெரிந்தது, தலையில் என்னுடைய கம்பளித் தொப்பியோடு. அம்மா குனிந்து அதைத் தடவினார்.

“மெலிஞ்சு போனாள்” என்றார்.

சத்தியமாகச் சொல்கிறேன், அன்று நான் என் தாய்க்குப் பயந்தேன்.

பனி உருகத் தொடங்கியதும் அம்மா தன் முடிவைச் சொன்னார். ஊருக்குப் போகப் போகிறாராம். கொழும்பில் இறங்கி, வன்னிக்குப் போய், மடம் மடமாகத் தேடப் போகிறாராம். அவள் இத்தனை நாளாகக் கூப்பிடுகிறாள், ஒரு தாய் எவ்வளவு நாளைக்குத்தான் வாறன் வாறன் என்று வாயால் சொல்லிக்கொண்டிருப்பது. சண்டை நடக்கிற இடத்துக்கு, இதயத்துக்குக் குளிசை விழுங்குகிற மனுசி. பாதை மறித்திருக்கிறது என்றேன், வெட்கமில்லாமல் அழுதும் பார்த்தேன். அம்மா பெட்டியை எடுத்துக் கட்டிலில் வைத்து, தங்கச்சிக்கென்று வாங்கிய குளிர்ச்சட்டையை முதலில் அடுக்கினார். வன்னி வெயிலுக்குக் குளிர்ச்சட்டை.

இவர் என்னைக் கூப்பிட்டு, “இஞ்சாரும், அவ போறதெண்டால் போகட்டும். அவவின்ரை பிள்ளை” என்றார்.

“அப்ப நான் ஆற்றை பிள்ளை?” என்று கேட்டேன். அவர் சப்பாத்தைக் கொழுவிக்கொண்டு வேலைக்குப் போய்விட்டார்.

டிக்கெட் வந்துவிட்டது. புறப்பட இன்னும் சில நாள்கள்தான் இருந்தன. அந்தக் கிழமை ஒரு பின்னேரம் மதாம் மூச்சு வாங்க இரும்புப் படியேறி வந்தார். தன் ‘சின்னவளின்’ முதல் படத்தைப் போடப் போகிறார்கள், கண்ணில் காணக் கிடைக்காத படம், ஒரே ஒரு காட்சிதான் வருவாள் என்றார். அவருடைய தொலைக்காட்சியில் கோடு கோடாக ஓடுகிறதாம். எங்கள் சோபாவில், அம்மாவுக்குப் பக்கத்தில், உட்கார்ந்துகொண்டார். நான் மெஷினுக்குப் பின்னால் இருந்தேன்.

கறுப்பு வெள்ளைப் படம். அந்தக் காட்சி ஒரு ரயில் நிலையத்தில் நடந்தது. தாய் ரயிலில் இருக்கிறாள். மகள் மேடையில் நிற்கிறாள், மெலிந்த பெட்டை, பத்தொன்பதோ இருபதோ இருக்கும். காற்றில் தலைமயிர் முகத்தை மறைத்தது, அதனால் நிறமும் கண்ணும் ஒன்றும் தெரியவில்லை, பதிந்த இடது தோள் மட்டும் தெரிந்தது. ரயில் நகரும்போது அவள் யன்னலுக்குள்ளால் கையை விட்டு, தாயின் தோளைத் தொட்டு, அவதி அவதியாக இரண்டு சொல் சொன்னாள். மதாமுடைய பாஷையில் அது ‘வா, மமான்’. எனக்கே அது அப்படிக் கேட்கவில்லை. ‘வாம்மா’ என்றுதான் கேட்டது. கடைக்குட்டி சொல்கிற அதே இழுவையோடு, ‘வாம்மா’.

அம்மா எழும்பி நின்றார். முகத்தில் அப்படி ஒரு சந்தோஷத்தை நான் அதற்கு முன் கண்டதில்லை.

“கேட்டனியே? இப்பவாவது கேட்டனியே? வாம்மா எண்டு சொல்லுறாள். மிச்சத்தையும் சொல்லிப்போட்டாள்.”

இந்தப் பயணத்தை மறிக்க என்னிடம் வேறு ஒன்றும் மிஞ்சியிருக்கவில்லை. எனக்கும் அது கேட்டதே என்ற பயம் ஒரு பக்கம், அது கோபமாகத்தான் வெளியே வந்தது.

“அம்மா, அது தமிழ் இல்லை. அவையின்ரை பாஷையிலை வா எண்டால் போ.”

“விசர்க்கதை கதையாதை.”

“மதாமைக் கேளுங்கோ.” நான் மதாமின் பக்கம் திரும்பி, பிரெஞ்சில், அந்தப் பெண் தாயிடம் என்ன சொல்கிறாள், அம்மாவுக்கு விளங்குகிறமாதிரிக் காட்டுங்கள் என்று கேட்டேன்.

மதாம் நல்ல மனுசி, நடிப்பென்றால் விடமாட்டார். எழும்பி அம்மாவுக்கு முன்னால் நின்றார். இரண்டு கைகளையும் அம்மாவின் தோளில் வைத்தார். “வா, மமான். வா” என்று கனிவாகச் சொல்லி, மெல்ல வாசல் பக்கம் தள்ளினார். அம்மா ஓரடி பின்னால் போனார். மதாம் இன்னொரு முறை சொல்லித் தள்ளினார். அம்மா இன்னும் ஓரடி பின்னால் போய், கதவில் முதுகு முட்ட நின்றார்.

“போ எண்டே?” என்று என்னைக் கேட்டார்.

“ஓம் அம்மா.”

“எல்லா நாளும் போ எண்டே சொன்னவள்?”

“ஓம்.”

அம்மா தன் தோளைத் தானே தொட்டுப் பார்த்தார். பிறகு மிகச் சாதாரணமாக, கறிக்கு உப்புக் காணாது என்பதைப்போலச் சொன்னார்: “அப்ப அவள் இன்னும் பஸ்ஸடியிலைதான் நிக்கிறாள்.”

அன்று மாலையே பெட்டியைக் காலி செய்தார். குளிர்ச்சட்டையை மடித்து எனக்குத் தந்தார். நான் நினைத்தது நடந்துவிட்டது. அம்மா போகவில்லை. ஆனால் அதற்குப் பிறகு தொலைக்காட்சிக்கு முன்னால் இருக்கவுமில்லை, ‘வாறன்’ என்று யாருக்கும் பதில் சொல்லவுமில்லை. நானே உண்மையாகக் கூப்பிட்டால்கூட, பேசாமல் வந்து நிற்பார். அந்தப் பதில் இல்லாமல் வீடு அந்தரமாக இருந்தது. ஒரு நாள் தைத்துக்கொண்டிருந்தபோது, தொலைக்காட்சி நிறுத்தி இருக்க, என் வாய் தன்பாட்டில் “வாறன்” என்றது. திரும்பிப் பார்த்தேன். அம்மா குசினி வாசலில் நின்று என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

அடுத்த வருஷம் அம்மாவின் இதயம் தளர்ந்து, நகரின் வடக்கே ஓர் ஆஸ்பத்திரியில் படுத்தார். இரண்டு கட்டில் போட்ட அறை, நடுவில் திரைச்சீலை. அடுத்த கட்டிலில் இருந்த கிழவி தொலைக்காட்சி ஒன்றை வாடகைக்கு எடுத்திருந்தாள். காதுக்குள் செருகிக் கேட்பாள், எங்களுக்கு ஒரு சத்தமும் வராது. டொக்டர் என்னை வெளியே கூப்பிட்டு, இனிச் செய்ய ஒன்றுமில்லை என்று பக்குவமாகச் சொல்லிவிட்டார். நான் உள்ளே வந்து அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு இருந்தேன். வெயில் யன்னலில் நன்றாக அடித்தது. மூன்று மணி இருக்கும்.

அம்மா கண்ணைத் திறந்தார்.

“கூப்பிடுறாள்” என்றார்.

திரைச்சீலை முழுதாக மூடியிருக்கவில்லை. நீக்கலுக்குள்ளால் நான் பார்த்தேன். கிழவியின் தொலைக்காட்சியில் அந்தப் பிரெஞ்சுக்காரி நின்றாள். புதிய தொடர் போலிருக்கிறது. தலை முழுதும் நரைத்துவிட்டது, நீதிபதி அங்கி போட்டிருந்தாள். உதடு அசைந்தது. அம்மா படுத்திருந்த இடத்திலிருந்து திரைச்சீலையைத் தவிர வேறெதையும் காண முடியாது. சத்தமும் இல்லை.

“என்னெண்டு கூப்பிடுறாள் அம்மா?”

“நீதான் பாஷை தெரிஞ்சவள். நீ சொல்லு.”

தங்கச்சியைப் பற்றி அதுவரை எங்களுக்கு ஒரு தகவலும் வந்திருக்கவில்லை. இன்றுவரை வரவில்லை. நான் மதாம் சொன்னதையும் நினைத்தேன், அந்த ரயில் நிலையத்தில் என் காதில் விழுந்ததையும் நினைத்தேன்.

“வா எண்டுதான் அம்மா. வாம்மா எண்டு சொல்லுறாள்.”

அம்மாவின் விரல்கள் என் கைக்குள் தளர்ந்தன. நான் குனிந்து, “போட்டு வாங்கோ அம்மா” என்றேன்.

“வாறன்” என்றார் அம்மா. என்னைப் பார்த்துச் சொல்லவில்லை. திரைச்சீலைப் பக்கம் பார்த்துச் சொன்னார்.